ஆவணக் கோபுரத்தில் வேலை பார்ப்பவள் நாள் முழுக்க என்ன செய்வாள்?

கேள்வி கேட்டவர் ஒரு கற்பனை நாட்டை வைத்துத் தொடர்கதை எழுதுகிறார். மலைநாடு, ஆண்டில் நான்கு மாதம் விடாத மழை, தலைநகரில் ஏழு அடுக்கு ஆவணக் கோபுரம். பத்தொன்பது வயதுப் பெண் ஒருத்தி அங்கே கிழட்டுக் காப்பாளருக்கு உதவியாளாகச் சேர்கிறாள். "அவள் காலையிலிருந்து இரவு வரை என்ன செய்வாள்? பழைய ஏடுகளைப் படித்துக்கொண்டே இருக்கிறாள் என்று எழுதினால் கதை நகரவில்லை. கோபுரத்தில் கேட்டால் பதில் சொல்லும் பேசும் ஏடுகளும் உண்டு. கடைசியில் எதிரிப்படை வந்து கோபுரத்தை எரிக்கிறது. இதெல்லாம் நம்பும்படி இருக்குமா?" என்கிறார்.

ஓலைச்சுவடியும் பழைய அரசாங்கக் காகிதமும் இருக்கிற இடங்களில் பல வருடம் வேலை பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன். கதை நகராததற்குக் காரணம் அவளைப் படிக்க உட்காரவைத்ததுதான். காப்பகத்தில் வேலை பார்ப்பவர்களுக்குப் படிக்க நேரமே கிடைக்காது. கெடாமல் பார்த்துக்கொள்வது, கேட்டதும் எடுத்துத் தருகிற மாதிரி வைப்பது, கேட்பவருக்கு அதைப் பார்க்க உரிமை உண்டா என்று வாசலில் நின்று முடிவு செய்வது, இந்த மூன்றுக்கே பொழுது போய்விடும். முதல் இரண்டும் அவளுடைய அன்றாடம். மூன்றாவதில்தான் உங்கள் கதை இருக்கிறது.

அதற்கு முன் ஒரு முடிவு எடுத்துவிடுங்கள். உங்கள் மலைநாட்டில் எதன்மேல் எழுதுகிறார்கள்? அவளுக்கு எது எதிரி, எந்த மாதம் தூக்கம் போகும், கையில் என்ன வாசனை அடிக்கும் என்பதெல்லாம் அதைப் பொறுத்துத்தான்.

சிரியாவில் எப்லா என்று ஒரு பழைய நகரம். அங்கே களிமண் பலகையில் எழுதினார்கள். சுமார் 4,300 ஆண்டுகளுக்கு முன் அரண்மனை தீப்பிடித்தது. தீ அந்தப் பலகைகளை அழிக்கவில்லை, செங்கல்லைப் போலச் சுட்டுக் கெட்டியாக்கிவிட்டது. 1970களில் இத்தாலிய அகழாய்வாளர்கள் தோண்டியபோது, மர அலமாரிகள் எரிந்து பலகைகள் சரிந்து விழுந்த வரிசையிலேயே கிடந்தன. எந்தத் தட்டில் எது இருந்தது என்றுகூடக் கணிக்க முடிந்தது. ஆக, களிமண்ணில் எழுதுகிற நாட்டில் எதிரி கோபுரத்தை எரித்தால் காப்பாளர் மனத்துக்குள் சிரித்துக்கொள்ளலாம். அங்கே வில்லன் தண்ணீர்.

தென்னமெரிக்காவில் இன்கா அரசு கணக்கையெல்லாம் கயிற்று முடிச்சில் வைத்திருந்தது. முடிச்சு கயிற்றில் எந்த உயரத்தில் இருக்கிறது என்பதை வைத்து ஒன்றா, பத்தா, நூறா என்று தெரியும். ஆனால் அது எந்த ஊரின் கணக்கு, எதற்கான கணக்கு என்பதையெல்லாம் கயிற்றை வைத்திருக்கும் ஆள்தான் விரித்துச் சொல்ல வேண்டும். ஆள் செத்தால் ஆவணத்தில் பாதி போச்சு. 'பேசும் ஏடு' உங்களுக்கு ஏற்கெனவே கிடைத்துவிட்டது, பாருங்கள். கேட்ட கேள்விக்கெல்லாம் டக்கென்று பதில் சொல்கிற மந்திர ஏடு இருந்தால் காப்பாளருக்கே வேலை இல்லை, தேடலும் இல்லை, கதையும் இல்லை. ஏடு பேசட்டும், ஆனால் ஒரே ஒருவரிடம் மட்டும் பேசட்டும். அந்த ஒருவர் இருமிக்கொண்டிருக்கிற கிழவராக இருக்கட்டும்.

நீங்கள் 'ஏடு' என்று எழுதியிருப்பதால் ஓலை என்றே வைத்துக்கொள்கிறேன். அப்படியென்றால் ஒரு சிக்கல், நல்ல சிக்கல். பனை மலைக்கு ஏறாது. உங்கள் நாட்டுக்கு ஓலை சமவெளியிலிருந்துதான் வர வேண்டும். சமவெளி அரசனோடு சண்டை வந்தால் முதலில் நிற்பது உப்பும் ஓலையும். எழுத ஓலை இல்லாத அரசு எப்படி வரி வாங்கும்? இருக்கிற ஓலையில் எதைப் புதுப்பிப்பது, எதைச் சாகவிடுவது? படை இன்னும் எல்லையைக்கூடத் தொடாத நிலையில் கோபுரத்துக்குள் போர் வந்துவிட்டது.

ஓலையின் வேலை எப்படி இருக்கும் என்று கொஞ்சம் கிட்டத்திலிருந்து சொல்கிறேன். இங்கே கூகுளில் தேடினால் கிடைக்காத விஷயம் கைப்பழக்கம்தான். ஓர் ஏட்டுக்கட்டைக் கையில் எடுத்ததும் பிரிக்கக் கூடாது. முதலில் மேலும் கீழும் இருக்கிற மரச்சட்டத்தின் ஓரத்தைப் பார்க்க வேண்டும். மாவு மாதிரி பொடி உதிர்ந்திருந்தால் உள்ளே பூச்சி இன்னும் உயிரோடு இருக்கிறது, அந்தக் கட்டு தனியாகப் போக வேண்டும். கயிற்றின் நுனியில் பனையோலையைக் கிளிமூக்கு மாதிரி கத்தரித்து முடிந்திருப்பார்கள். கயிறு துளையிலிருந்து உருவி வராமல் அதுதான் தடுக்கும், பெயரும் கிளிமூக்குதான். இன்னொரு துளையில் நாராசம் என்கிற குச்சியோ கம்பியோ இருக்கும். அதை இழுக்கக் கூடாது, திருகித் திருகி எடுக்க வேண்டும். ஏடுகள் ஒன்றோடொன்று ஒட்டியிருந்தால் நகத்தை விட்டுப் பிரித்தவன் அன்றே வேலையை விட்டுப் போகலாம், எழுத்து தோலோடு உரிந்து வந்துவிடும். பிரித்த ஏட்டை மெல்லிய தூரிகையால் துடைத்து, புல்தைலம் தடவி, நிழலில் ஆறவிட வேண்டும். எழுத்து மங்கியிருந்தால் விளக்குக்கரியை எண்ணெயில் குழைத்துத் தடவித் துடைப்பார்கள். எழுத்தாணி கீறிய பள்ளத்தில் மட்டும் கரி தங்கி, இல்லாத எழுத்து கண்முன்னே எழும்பி வரும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காத காட்சி அது. உங்கள் நாயகிக்கு மந்திரம் என்று ஒன்று வேண்டுமானால் இதையே கொடுத்துவிடுங்கள்.

வெள்ளைக் கையுறை வேண்டாம். சினிமாவில் பழைய ஏட்டைத் தொட்டாலே கையுறை மாட்டுகிறார்கள். ஓலைக்கும் தாளுக்கும் கழுவித் துடைத்த வெறுங்கைதான் நல்லது, கையுறை போட்டால் விரலுக்கு ஓரம் தெரியாமல் கிழித்துவிடுவோம். செப்பேட்டுக்கு வேண்டுமானால் போட்டுக்கொள்ளலாம்.

மெழுகுவத்தியும் வேண்டாம். நள்ளிரவில் தீபம் ஏந்திக்கொண்டு ஏடு தேடும் காட்சியை நீங்கள் ஏற்கெனவே எழுதியிருப்பீர்கள், தூக்கிவிடுங்கள். எண்ணெயும் ஓலையும் இருக்கிற கட்டடத்தில் யாரும் நெருப்பை உள்ளே விட மாட்டார்கள். சீனாவில் மிங் பேரரசு தன் குடித்தொகை, வரிப் பதிவேடுகளை நான்ஜிங் நகரத்து ஏரியின் நடுவே தீவுகளில் வைத்தது. 1381இல் தொடங்கிய முறை, பத்தாண்டுக்கு ஒருமுறை நாடு முழுவதிலிருந்தும் புதிய பதிவேடுகள் வந்து சேரும். படகு இல்லாமல் யாரும் போக முடியாது, நெருப்புக்குக் கடுமையான தடை. உங்கள் கோபுரத்திலும் வேலை சூரியனோடு தொடங்கி சூரியனோடு முடியும். மழைக்காலத்தில் மேகம் மூடினால் பகலிலேயே வேலை நின்றுபோகும். ஒருவர் இரவில் உள்ளே போகிறார் என்றால், இருட்டில் தடவியே எடுக்கிற அளவுக்கு வைத்த இடம் தெரிந்த ஆள் என்று அர்த்தம். திருடனைக் கண்டுபிடிக்க இது போதும்.

பூச்சியை மறக்காதீர்கள். ஏட்டைத் துளைத்துக்கொண்டே போகிற பூச்சிக்கு நம் ஊரில் இராமபாணம் என்று பேர், அவ்வளவு நேராகப் போகும். வேப்பிலை, வசம்பு, கற்பூரம் எல்லாம் அதற்காகத்தான் வைக்கிறோம். கொரியாவின் ஜோசன் அரசில் வரலாற்று ஏடுகளை வைத்த பெட்டிக்குள்ளும் மருந்துச் செடிப் பொடிகளைப் போட்டு வைத்தார்கள், அதில் ஒன்று அதே வசம்புதான். போர்ச்சுகலின் கோயிம்பிரா பல்கலைக்கழகத்தில் பதினெட்டாம் நூற்றாண்டு நூலகம் ஒன்று இருக்கிறது. அங்கே பூச்சி பிடிக்கிற வேலை வௌவால்களுக்கு. இரவில் அவை பறந்து பூச்சியைத் தின்னும். எச்சம் விழுந்து மேசை பாழாகாமல் இருக்க, சாயங்காலம் தோல் விரிப்பைப் போர்த்திவிட்டுப் போவார்கள். காலையில் வந்ததும் அதை எடுத்துச் சுத்தம் செய்ய வேண்டும். புதிதாகச் சேர்ந்த பெண்ணுக்கு உங்கள் கோபுரத்தில் எந்த வேலை கிடைக்கும் என்று இனி என்னைக் கேட்க மாட்டீர்கள்.

ஆண்டின் பெரிய வேலை மழை விட்ட பிறகு. எல்லாவற்றையும் வெளியே எடுத்துக் காற்றாட வைக்க வேண்டும். ஜப்பானில் நாரா நகரத்து ஷோசோயின் என்ற மரக் கருவூலம் எட்டாம் நூற்றாண்டிலிருந்து நிற்கிறது. பேரரசரின் முத்திரையிட்ட கதவு, அவருடைய ஆள் வந்து பிரித்தால்தான் திறக்கும், அதுவும் ஈரம் வற்றிய இலையுதிர் காலத்தில். கொரியாவிலும் அப்படித்தான். மலையுச்சிக் காப்பகத்தில் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை ஏடு உலர்த்துவார்கள். தலைநகரிலிருந்து வரலாற்று அதிகாரி நேரில் வந்தால் ஒழிய, உள்ளூர் ஆட்சியாளனேகூட அந்தப் பெட்டியைத் தொட முடியாது. கூரை ஒழுகினாலும் அதிகாரி வர வேண்டும்! உங்கள் கதையில் மழை உடைத்து ஊற்றுகிறது, ஐந்தாவது அடுக்கில் ஒழுகுகிறது, முத்திரையைப் பிரிக்கும் அதிகாரி நான்கு நாள் பயணத் தொலைவில் இருக்கிறார் என்று வையுங்கள். முத்திரையை உடைத்தால் தலை போகும், உடைக்காவிட்டால் ஏடு போகும். டிராகன் எதற்கு?

வைத்த இடம் தெரிவது பற்றி. ஏழு அடுக்கில் இருப்பதை அவள் எப்படிக் கண்டுபிடிப்பாள்? பொருள்வாரியாகப் பிரித்து வைத்திருப்பார்கள் என்றுதான் எல்லாரும் நினைப்பார்கள். நிலம் ஒரு பக்கம், போர் ஒரு பக்கம், திருமணம் ஒரு பக்கம். நூலகத்துக்கு அது சரி. ஆவணக் காப்பகத்தில் அப்படிச் செய்தால் பெரிய நாசம். எந்த அலுவலகத்திலிருந்து வந்ததோ அந்தக் கட்டாகவே, வந்த வரிசை கலையாமல் வைப்பதுதான் முறை. ஓர் அலுவலகத்தின் கட்டை இன்னொன்றோடு கலக்கக் கூடாது என்று பிரான்ஸ் 1841இல் அரசுச் சுற்றறிக்கையே போட்டது, 1898இல் மூன்று டச்சுக்காரர்கள் எழுதிய கையேடு இந்த முறையை உலகம் முழுக்கப் பரப்பியது. காரணம் எளிது. ஒரு ஓலையின் அருகில் எந்த ஓலை இருந்தது என்பதே ஒரு சாட்சி. வரிக்கணக்குக் கட்டுக்குள் ஒரு காதல் கடிதம் இருந்தால், அதை எடுத்துக் கடிதங்களோடு சேர்த்த நொடியில் கணக்கன் யாரைக் காதலித்தான் என்கிற துப்பு போய்விடும். ஆர்வக்கோளாறு பிடித்த புது அமைச்சர் ஒருவர் 'எல்லாவற்றையும் ஒழுங்காக அடுக்குங்கள்' என்று உத்தரவு போடட்டும். கிழவர் அன்று இரவு சாப்பிடாமல் படுப்பார்.

அப்புறம் பட்டியல். ஏட்டின் பெயர், எத்தனை ஏடு, முதல் வரி, கடைசி வரி, எங்கிருந்து வந்தது, எந்த நிலையில் இருக்கிறது. மழைக்காலத்து மங்கிய வெளிச்சத்தில் கட்டைப் பிரிக்க முடியாது, அவள் பட்டியலைத்தான் சரிபார்த்துக்கொண்டிருப்பாள். சலிப்பான வேலைதான். ஆனால் டப்ளினில் 1922 ஜூன் 30 அன்று உள்நாட்டுப் போரில் அயர்லாந்தின் பொது ஆவணக் காப்பகம் வெடித்து எரிந்தது. பல நூற்றாண்டு ஆவணம் சாம்பலாகி, கருகிய துண்டுகள் நகரத்தின் மேல் பறந்தன. அதற்கு மூன்று வருடம் முன்னால், 1919இல், அங்கே வேலை பார்த்த ஹெர்பர்ட் வுட் உள்ளே என்னென்ன இருக்கிறது என்று ஒரு வழிகாட்டி நூல் வெளியிட்டிருந்தார். எது தொலைந்தது என்று இன்றைக்குத் தெரிவது அதனால்தான். அதைக் கையில் வைத்துக்கொண்டு, வேறு காப்பகங்களில் கிடக்கிற நகல்களைத் தேடிச் சேர்த்து, எரிந்ததைத் திரும்பக் கட்டுகிற வேலை இப்போது நடக்கிறது. உங்கள் கோபுரம் எரிந்த பிறகும் கதை போக வேண்டுமென்றால் பட்டியலை அவள் இடுப்பில் முடிந்துவிடுங்கள்.

யார் வந்து கேட்பார்கள்? இளவரசன் வர மாட்டான். நிலத்தகராறுக்காரன் வருவான். எந்தக் காப்பகத்திலும் வாசலில் நிற்கிற கூட்டத்தில் பாதி எல்லைச் சண்டைதான், உங்கள் நாட்டிலும் அப்படியே இருக்கும். ஒரு கொடை எப்படி ஆவணமாகிறது என்பதற்குச் சோழர் செப்பேடுகளைப் பாருங்கள், தமிழில் எழுதுகிற உங்களுக்கு இதைவிட நல்ல சுரங்கம் கிடையாது. நாகப்பட்டினத்துப் புத்த விகாரத்துக்கு ராஜராஜன் தன் 21ஆம் ஆட்சியாண்டில் ஆனைமங்கலத்தைக் கொடுத்தான். அந்தச் செப்பேடு பின்னால் நெதர்லாந்தின் லைடனுக்குப் போனது. அரசன் வாயால் சொன்னதை ஒருவர் ஓலையில் எழுதுகிறார், ஓலை நாயகங்கள் என்கிற மேலதிகாரிகள் சரிபார்க்கிறார்கள், புரவுவரித் திணைக்களத்தார் என்கிற வரித்துறை ஆட்கள் வரிப்பொத்தகத்தில் ஏற்றுகிறார்கள். அதிகாரிகளின் பெயர்கள் வரிசையாகப் போய்க்கொண்டே இருக்கின்றன. ஊரில் பெண் யானையை எல்லையைச் சுற்றி நடக்கவிட்டு, அது போன தடத்தில் கல்லும் கள்ளியும் நடுகிறார்கள். இத்தனை பேர் கைபட்ட ஆவணத்தை ஒருத்தர் தனியாகத் திருத்த முடியாது, அதற்காகத்தான் இத்தனை பேர். உங்கள் வில்லன் ஓர் ஊரைத் தனதாக்கிக்கொள்ள வேண்டுமென்றால் ஓலையைத் திருத்தினால் போதாது, வரிப்புத்தகத்தையும் திருத்த வேண்டும், கள்ளியையும் பிடுங்க வேண்டும், யானையை ஓட்டிய பாகனையும் மடக்க வேண்டும். எங்கேயாவது ஒன்றை மறப்பான்.

அவள் உண்மையிலேயே உட்கார்ந்து படிக்கிற இடம் இதுதான், போலியா அசலா என்று பார்க்கும்போது. மேற்கு ஐரோப்பாவைப் போப்பாண்டவருக்கு எழுதிக் கொடுத்ததாகக் கான்ஸ்டன்டைன் பேரரசரின் பேரில் ஒரு சாசனம் பல நூற்றாண்டு புழங்கியது. 1440இல் லொரென்ஸோ வல்லா அது போலி என்று காட்டினார். கையெழுத்தையோ முத்திரையையோ வைத்து இல்லை, அந்தக் காலத்து ரோமில் புழங்காத சொற்கள் அதில் இருந்ததை வைத்து. எழுத்துருவும் சொல்லும் நூற்றாண்டுக்கு நூற்றாண்டு எப்படி மாறின என்று கிழவர் அவளுக்குச் சொல்லித்தருவதற்கு ஒரு முழு அத்தியாயம் ஒதுக்கலாம்.

இனி அந்த மூன்றாவது வேலை. யாருக்குக் காட்டுவது, யாருக்குக் காட்டக் கூடாது. இதில் உலகத்திலேயே கடுமையான விதி வைத்திருந்தவர்கள் ஜோசன் கொரியர்கள்தான் என்பது என் எண்ணம். அரசவையில் என்ன நடந்தாலும் வரலாற்று அதிகாரி பக்கத்திலேயே உட்கார்ந்து எழுதுவார். அவர் எழுதிய குறிப்பை அரசன் பார்க்கக் கூடாது. அரசன் இறந்த பிறகு அந்தக் குறிப்புகளை வைத்து அவனுடைய ஆட்சி வரலாற்றைத் தொகுப்பார்கள், அதையும் அடுத்த அரசன் பார்க்கக் கூடாது. 1404இல் தேஜோங் என்ற அரசன் வேட்டைக்குப் போய்க் குதிரையிலிருந்து விழுந்தான். அடி இல்லை. எழுந்ததும் சுற்றுமுற்றும் பார்த்து, 'வரலாற்று அதிகாரிக்குத் தெரிய வேண்டாம்' என்றான். அவன் விழுந்ததும், தெரிய வேண்டாம் என்று சொன்னதும் சேர்ந்தே பதிவாகியிருக்கிறது. அவன் மகன் செஜோங், கொரிய எழுத்தை உருவாக்கிய அதே பெரிய அரசன், அப்பாவைப் பற்றி என்ன எழுதியிருக்கிறார்கள் என்று பார்க்க ஆசைப்பட்டான். அமைச்சர்கள் கூடாது என்றார்கள். நீங்கள் பார்த்தால் அடுத்தவரும் பார்ப்பார், பிறகு எழுதுகிறவர்கள் பயந்து எழுதுவார்கள் என்பது அவர்கள் வாதம். அரசன் விட்டுவிட்டான்.

எல்லா அரசர்களும் செஜோங் இல்லை. 1498இல் யோன்சான்குன் ஆட்சியில் கிம் இல்-சோன் என்ற வரலாற்று அதிகாரியின் குறிப்பில் அரச குடும்பத்தை மறைமுகமாகக் குத்துகிற பகுதி இருக்கிறது என்று அமைச்சர்கள் சிலரே அரசனிடம் போட்டுக்கொடுத்தார்கள். அவருக்கு மரணதண்டனை, கூட்டத்தோடு பலர் செத்தார்கள், பலர் நாடுகடத்தப்பட்டார்கள். போட்டுக்கொடுத்தவர்கள் வெளியாட்கள் இல்லை என்பதைக் கவனியுங்கள். அந்தக் குறிப்புகளைக் கையாளுகிற வேலையில் இருந்தவர்களுக்குத்தான் உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியும். எதிரிப்படையை விட்டுவிடுங்கள், உங்கள் பெண்ணுக்கு ஆபத்து பக்கத்து மேசையிலிருந்து வர வேண்டும்.

உங்கள் நாட்டிலும் ராணி பார்க்கக் கூடாத அடுக்கு ஒன்று இருக்கட்டும். ராணி வருவாள், மிரட்ட மாட்டாள். 'உன் அப்பாவுக்கு உடம்பு எப்படி இருக்கிறது? என் வைத்தியரை அனுப்பட்டுமா?' என்று அன்பாகக் கேட்பாள். 'அந்த நான்காவது கட்டை மட்டும் ஒரு நாழிகை கொடு' என்பாள். மாட்டேன் என்று சொல்ல அந்தப் பெண்ணிடம் விதியைத் தவிர வேறெதுவும் இல்லை. இந்த ஒரு காட்சிக்காகவே உங்கள் தொடரைப் படிப்பேன்.

கழிப்பதும் அவள் வேலைதான், இதைப் பலரும் யோசிப்பதில்லை. இன்றைய அரசுகளின் காகிதத்தில் நிரந்தரமாகக் காக்கப்படுவது நூற்றில் ஐந்தைத் தாண்டினாலே அதிகம், மிச்சம் அழிக்கப்படும். கொரியாவில் ஆட்சி வரலாறு தொகுத்து முடிந்ததும், மூலக் குறிப்புகளையும் வரைவுகளையும் ஓடைக்குக் கொண்டுபோய் மையைக் கழுவிவிடுவார்கள். யார் என்ன எழுதினார் என்று பின்னால் யாரும் தோண்டக் கூடாது. கழுவிய தாளை மறுபடி காகிதமாக்குவார்கள். வேலை முடிந்ததும் எல்லாருக்கும் விருந்து. கெய்ரோவின் பழைய பகுதியான ஃபுஸ்தாத்தில் இதற்கு நேர் எதிர். கடவுள் பெயர் எழுதிய தாளை எறியக் கூடாது என்பதால் யூதர்கள் தங்கள் கோயிலில் ஓர் அறைக்குள் போட்டுக்கொண்டே வந்தார்கள். ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுக் குப்பை, திருமண ஒப்பந்தம், கடை பாக்கி, இந்தியாவுக்கு வந்த வணிகர்களின் கடிதம் எல்லாம் சேர்ந்தது. 1896, 97 வாக்கில் பெரும்பகுதி கேம்பிரிட்ஜுக்குப் போனது. இடைக்கால வணிகர் வாழ்க்கை பற்றி இன்று தெரிவதில் நிறைய அதிலிருந்துதான். நம் ஊரில் பழைய ஏட்டை ஆடிப்பெருக்கில் ஆற்றில் விட்டதும் உண்டு, நெய்யில் தோய்த்து ஓமத்தீயில் போட்டதும் உண்டு. உ.வே.சாமிநாதையர் இரண்டையும் வருத்தத்தோடு பதிந்திருக்கிறார். அப்படிச் செய்தவர்கள் கெட்டவர்கள் இல்லை, ஏட்டை மதித்துத்தான் அப்படி வழியனுப்பினார்கள். உங்கள் நாட்டில் ஏட்டுக்கு ஈமச்சடங்கு உண்டா? உண்டென்றால் அதை நடத்துவது யார்? இதற்குப் பதில் எழுதிப் பார்த்தால் அந்த நாட்டின் மதமே உங்களுக்குப் பிடிபடும். பயனற்ற ஆவணத்தைக் கழிப்பதிலும் கவனம் வேண்டும் என்பதற்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். இங்கிலாந்தில் வரி ரசீதாகப் புழங்கிய, தொகையை வெட்டுகளாகக் குறித்த குச்சிகள் மலைபோலச் சேர்ந்துவிட்டன. 1834 அக்டோபர் 16 அன்று நாடாளுமன்றக் கட்டடத்துச் சூளையில் போட்டு எரித்தார்கள். கட்டடமே எரிந்துபோனது.

சம்பளம், தங்குமிடம் பற்றிச் சுருக்கமாக. தஞ்சைப் பெரியகோயில் கணக்கர்களுக்கு ஊதியம் நெல்லாகத்தான். மலைநாட்டில் தினையோ உப்போ வையுங்கள், ரொக்கம் வேண்டாம். கண் முதலில் போகும், அப்புறம் முதுகு, தூசியால் மூச்சு. கையில் எப்போதும் தைலமும் கரியும் கலந்த வாசனை இருக்கும், அவள் சந்தைக்குப் போனால் எங்கே வேலை பார்க்கிறாள் என்று எல்லாருக்கும் தெரிந்துவிடும். மறைந்து போக வேண்டிய காட்சியில் இது உதவும், அல்லது காட்டிக்கொடுக்கும்.

கடைசியாக, கோபுரம் எரிவது. நம்பும்படி இருக்குமா என்று தமிழில் கேட்க வேண்டியதில்லை. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தபோது சுமார் 97,000 நூல்களும் சுவடிகளும் போயின. நடக்கும், மனிதர்கள் தெரிந்தே செய்வார்கள். ஆனால் கதையின் உச்சத்தை நெருப்பில் வைப்பது சுலபமான வழி. நெருப்பு வருகிறது என்று தெரிந்த பிறகு இருக்கும் சில நாட்களில் வையுங்கள் என்பேன். மாலியின் திம்புக்துவில் 2012இல் ஆயுதக்குழுக்கள் நகரைப் பிடித்தபோது, அப்தெல் காதர் ஹைதாராவும் அவருடைய ஆட்களும் கையெழுத்துப் பிரதிகளைத் தகரப் பெட்டிகளில் அடைத்து, வண்டியிலும் படகிலும் கொஞ்சம் கொஞ்சமாகத் தலைநகர் பமாகோவுக்குக் கடத்தினார்கள்.

எனக்குப் பிடித்தது கொரியக் கதைதான். 1592இல் ஜப்பானியப் படை வந்தபோது ஆட்சி வரலாறு நான்கு இடங்களில் நான்கு படியாக இருந்தது. மூன்று எரிந்தன. ஜொன்ஜு நகரத்துப் படியை மட்டும் ஆன் உய், சோன் ஹோங்-ரோக் என்ற இரண்டு உள்ளூர்ப் படிப்பாளிகள் நேஜாங் மலைக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். அவர்கள் அதிகாரிகள் இல்லை, வயதும் இளமையில்லை. மலையில் ஒருவருக்கொருவர் முறைவைத்துக் காவல் இருந்தார்கள். காவல் இருந்ததற்கும் நாள்வாரியாகக் குறிப்பு வைத்தார்கள்: ஆன் உய் தனியாக 174 நாள், சோன் தனியாக 143 நாள், இருவரும் சேர்ந்து 53 நாள். இன்று ஜோசன் அரசின் முதல் 175 ஆண்டு வரலாறு கையில் இருப்பது அந்த ஒரு படியால். உங்கள் பெண்ணும் கிழவரும் ஏடுகளோடு மலைக்குகையில் இருக்கிற அத்தியாயத்தை உரையாடலாக எழுதாதீர்கள். அவர்கள் வைத்த முறைக்கணக்காகவே எழுதிப் பாருங்கள்: இன்று யார் காவல், மழையா வெயிலா, எந்தப் பெட்டியைத் திறந்து காற்றாட வைத்தார்கள், அரிசி எவ்வளவு மிச்சம். ஒரு நாளிலிருந்து கையெழுத்து அவளுடையதாக மட்டும் இருந்தால் போதும், கிழவருக்கு என்ன ஆயிற்று என்று வாசகருக்குத் தனியாகச் சொல்ல வேண்டாம்.